என்று சொன்னால் சரிதான்

வள்ளியூர் சார்பு நீதிமன்றத்தில்
சாட்சிக் கூண்டுக்கு மூன்று படிகள்.
சுயம்புலிங்கம் அதில் ஏறி வந்ததைத்தான்
முதலில் பதிய வைத்தேன்.

நான் இன்சூரன்ஸ் கம்பெனிக்காக வருகிறவள்.
‘கைத்துணை இல்லாமல் மூன்று படிகள் ஏறினேன்
என்று சொன்னால் சரிதான்’
என அவர் வாக்குமூலம் தட்டச்சில் விழுந்தபோது
உள்ளூர ஒரு சின்ன சந்தோஷம்,
மறைப்பானேன்.

ராதாபுரம் சாலையில்
கார்த்திகை மாசத்து விடிகாலை
எம்சாண்ட் லாரி பைக்கை இழுத்துப் போயிருக்கிறது.
வலது முழங்கால் இனி எழுபது டிகிரிக்கு மேல் மடங்காது.
ஐகிரவுண்டு ஆஸ்பத்திரி மருத்துவக் குழு
முப்பது சதவீதம் என்று எழுதி முத்திரை குத்தியிருந்தது.
முத்திரை கொஞ்சம் கோணல்.

முப்பது போனால் எழுபது இருக்கிறதே
என்பது என் வாதம்.
பல உடம்புகளில் பழகிய வாதம்.
மளிகைக்கடைக்காரர் இடுப்பு,
டியூஷன் டீச்சரின் கணுக்கால்,
எதிலும் பாக்கி இருப்பதைத்தான் எடுத்துக் காட்டுவேன்.

‘இப்போ என்ன வேலை பாக்கீங்க?’
‘கேட்ல உக்காந்து வண்டி நம்பர் எழுதுதேன்மா.’
‘சம்பளம்?’
‘முன்ன பதினஞ்சு. இப்போ ஏழு.’
‘அப்போ வேலையே இல்லைன்னு சொன்னா சரியல்ல?’
‘சரியல்லம்மா.’

முன்பு அவர் ஏறியது பணகுடிக்கு மேற்கே,
எண்பது மீட்டர், லிஃப்ட் கிடையாது.
ஆனியில் கணவாய்க் காற்று அவிழ்த்துவிட்டாற்போல் வரும்போது
கோபுரம் உள்ளுக்குள் ஆடுமாம்.
இடுப்புக் கொக்கியை மாட்டிக்கொண்டு
முழங்காலை மடக்கி உட்கார்ந்துதான்
போல்ட் முறுக்க வேண்டுமாம்.
கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள் என்றேன்.

என்னிடமா, நீதிபதியிடமா,
சுவரில் தொங்கிய காலண்டரிடமா தெரியவில்லை,
அவர் கேட்டார்:
‘எழுவது சதமானம் ஏறுனா
அம்பத்தாறு மீட்டர்ல நிப்பேன்.
போல்ட்டு எம்பதுல்லா இருக்கு?’

தட்டச்சர் கையை எடுத்துவிட்டார்.
சாட்சி கேட்கிற கேள்விக்கு
வாக்குமூலத்தில் இடம் இல்லை.

மாசியில் தீர்ப்பு.
மாதம் பதினைந்தாயிரம்,
எதிர்காலத்துக்கென்று நாற்பது சதவீதம் கூட்டி,
வயது முப்பத்து நாலு, ஆகவே பெருக்கெண் பதினாறு.
ஒரு மனிதனுக்கு இன்னும் எத்தனை ஆனிக் காற்று என்று
அட்டவணைக்குத் தெரிந்திருக்கிறது.
சம்பாத்திய இழப்பு முப்பதல்ல, அறுபது.
இருபத்து நாலு லட்சத்துப் பத்தொன்பதாயிரத்து இருநூறு,
அந்த ஒரு தலைப்பில் மட்டும்.
வலிக்குத் தனி, வண்டிக் கூலிக்குத் தனி.
ஊட்டச்சத்துக்கும் ஒரு தொகை:
மனைவி தங்கபுஷ்பம் ஆட்டுக்கால் வாங்கிய சீட்டுகள்,
கறிக்கடைக்காரர் கிறுக்கல்.
ஒன்றில்கூடத் தேதி இல்லை என்று நான் சொன்னதை
நீதிபதி காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அறுபது எங்கிருந்து வந்தது?
எந்த மருத்துவரும் சொல்லாத எண்.
தீர்ப்பின்படி பார்த்தால் சுயம்புலிங்கம்
முப்பத்திரண்டாவது மீட்டரில்
கொக்கியை மாட்டிக்கொண்டு நிற்கிறார்.

கம்பெனிக்கு நான் அனுப்ப வேண்டியது ஒரு பக்கம்.
மேல்முறையீட்டுக்கு உகந்த வழக்கா? ஆம், இல்லை.
முப்பதாகக் குறைந்தால் பன்னிரண்டு லட்சம் மிச்சம்,
யார் கேட்டாலும் ஆம் என்பார்கள்.
காரணம் எழுத
நாலு வரி இடம் விட்டிருக்கிறார்கள்.

நேற்று காவல்கிணறில்
வேறொரு வழக்கின் லாரியைப் பார்த்துவிட்டுத் திரும்பினேன்.
பணகுடி தாண்டும்போது இடப்பக்கம் வரிசையாகச் சுற்றின.
ஒன்று மட்டும் நின்றிருந்தது.
பழுதா, நிறுத்தி வைத்ததா,
எனக்கு அதில் ஒன்றும் தெரியாது.
காரை நிறுத்தவும் இல்லை.

அவர் மூன்று படிகள் ஏறினார்
என்று சொன்னால் சரிதான்.
இறங்கியதை நான் பார்க்கவில்லை.
அடுத்த வழக்கின் கட்டை
அவிழ்த்துக்கொண்டிருந்தேன்.