எழுபத்திரண்டு

தார்த்து நகரில்
முன்பு ரப்பர் காலணிக் கிடங்காயிருந்த கட்டடத்தின் மூன்றாம் மாடியில்
இரவு பத்து மணிக்கு அளவையாளர்கள் படுக்கிறார்கள்.
கனவுக்குள் டேப் கொண்டுபோக முடியாது.
போன குளிர்காலத்தில் ஒருவர் கொண்டுபோனார்,
பாதி அளக்கையில் அது விலாங்காகி நழுவிற்று.
ஆகவே சாண்தான் எங்கள் அலகு.
விழித்ததும் அவர்கள் பலகைமேல் கையை விரித்து வைப்பார்கள்,
நான் அதைச் சென்டிமீட்டராக்கி எழுதுவேன்.
சம்பளத்துக்குத் தூங்குகிறவர்கள் அவர்கள்.
சம்பளத்துக்கு விழித்திருப்பவள் நான்.

இந்த அறிவியலுக்குப் பாடநூல் இல்லை.
இருபத்திரண்டு பக்கக் கைப்பிரதி ஒன்று உண்டு,
அதில் ஏழாம் பக்கம் பத்துக்குப் பிறகு வரும்.
பிழையில்லை என்கிறார் பேராசிரியர் ஏனே பிஹ்லாக்,
அங்கே அதுதான் ஏழின் இடமாம்.

தெரிந்தது கொஞ்சம்.
ஏறும்போது பதினேழு படி, இறங்கும்போது பதினாறு;
குறைகிற படியில் அநேகமாக யாரோ உட்கார்ந்திருக்கிறார்கள்.
பயந்தவனின் முக்கோணம் நூற்றெண்பதைத் தாண்டும்.
சாண் ஏறினால் முழம் சறுக்கும் என்பது
அங்கே புலம்பல் அல்ல,
சரிவு விகிதம்.
போர்வை விலகித் தூங்குகிறவரின் வட்டம் மூடுவதில்லை.

(என் கனவுகளை யாரும் கேட்பதில்லை.
பகலில் தூங்குகிறேன், எல்லா மூலையும் தொண்ணூறு டிகிரி.
இதுவரை பதிவானதிலேயே அபூர்வம் என்றார் பேராசிரியர்,
அனுதாபமாகத்தான் சொன்னார்.)

பிப்ரவரியில் ஹெல்டுர் வந்தார்,
பனி வாரும் வண்டி ஓட்டுகிறவர், கை மண்வெட்டி மாதிரி.
அவர் கனவில் ஒரு சமையலறை.
அடுப்பிலிருந்து நேராக நடந்து வலப்பக்கம்,
மறுபடி வலப்பக்கம், மறுபடியும்,
அதே அடுப்பு, அதே திசை.
மூன்று செங்கோணமுள்ள முக்கோணம். அது எங்களுக்குப் பழசு.
புதுசு என்னவென்றால் சுவர்:
வெளியே பதினான்கு சாண், உள்ளே பதினொன்று.
மூன்று சாணைக் காணோம்.
தட்டிப் பார்த்தேன், என்றார். அந்தப் பக்கம் யாரோ
ரொட்டி நறுக்குவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்கள்.

ஒன்பது நாள் கழித்து வீவே,
மருந்துக்கடையில் மாத்திரை எண்ணுகிறவள், முதல் இரவு.
அவள் கண்டது ஒரு சின்ன அறை:
வெளியே பதினொன்று, உள்ளே பதினைந்து.
கூடுதல் இடத்தில் என்ன இருந்தது என்றேன்.
மேஜை. பாதி நறுக்கிய கறுப்பு ரொட்டி.
கத்தியை நான்தான் வைத்திருந்தேன், என்றாள்,
எவனோ சுவரைத் தட்டினான்.

குறைந்தது மூன்று, கூடியது நான்கு, பொருந்தாது
என்று கோப்பை மூடிய பிறகு
பலகையில் பதிந்த கைகள் நினைவுக்கு வந்தன.
அவர் சாண் இருபத்துநான்கு. இவள் சாண் பதினெட்டு.
பெருக்கினேன்.
எழுபத்திரண்டு.
இன்னொரு முறை பெருக்கினேன், எழுபத்திரண்டு.

பேராசிரியர் பார்த்தார். ‘தற்செயல்’ என்று சிவப்பில் எழுதினார்.
கோட்டை மாட்டிக்கொண்டு இறங்கியவர்
பாதிப் படியிலிருந்து திரும்பி வந்து
ஒரு கேள்விக்குறி சேர்த்துவிட்டுப் போனார்.

அவர்களிடம் சொல்லக்கூடாது. விதி அது.
சொன்னால் அடுத்த கனவில் கதவு வைத்துவிடுவார்கள்,
பிறகு எந்த அளவும் அளவாயிராது.

வியாழக்கிழமை இருவருக்கும் ஒரே இரவு விழுந்தது, நான் போட்ட பட்டியல் இல்லை.
காலை ஏழுக்கு நடைவழிப் பெஞ்சில்
ஒருவரை ஒருவர் பாராமல் பூட்ஸ் மாட்டினார்கள்.
வெளியே மைனஸ் பத்தொன்பது, என்றார் அவர், பொதுவாக.
ம், என்றாள் அவள்.
போனதும் டேப் எடுத்தேன்.
அவர்கள் உட்கார்ந்த இரண்டு ஈரத்தடங்களுக்கு இடையே
எண்பத்தொன்று.
எதற்கும் பொருந்தவில்லை. எழுதிவைத்தேன்.

கீழே பனி வாரும் வண்டி கிளம்பி
முனையில் வலப்பக்கம் திரும்பியது.
விளக்குகளை அணைத்துவிட்டு, கோட் போட்டபடியே
ஜன்னலோரம் நின்றேன்,
இன்னும் இரண்டு திருப்பத்துக்காக.