சிரிப்பு: மூன்றரை விநாடி

பகுதி நூற்றுப் பதினாறு வரை எண்ணி முடித்தாயிற்று.
மாமியார் நகைச்சுவை அறுபத்திரண்டு.
கறுப்பு நிறத்தைப் பற்றியது நாற்பது.
கணக்குப்பிள்ளை வழுக்கி விழுவது மட்டும்
முப்பத்தேழு.
ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில்
சிரிப்பு என்று எழுதி
எத்தனை விநாடி என்றும் எழுதுகிறேன்.

கழனிவாசல் பக்கம் மாடியில் ஒற்றை அறை.
கீழே புரோட்டாக் கடையில் கொத்துகிறார்கள்.
அந்தச் சத்தம் தரவோடு கலக்காமலிருக்க
போர்வைக்குள் தலையை விட்டுக்கொண்டு கேட்கிறேன்.
ஆய்வுத் தலைப்பில்
'படைப்புத் தொழில்துறை' என்று ஒரு சொல் இருக்கிறது.
அதை எழுதும்போது மட்டும்
கையெழுத்து நன்றாக வருகிறது.

மாசியில் ஒருநாள் படப்பிடிப்புக்குப் போனேன்.
கானாடுகாத்தானில் நாள் வாடகைக்குப் பிடித்த வீடு.
முகப்பில் லைட், இரண்டாங்கட்டில் மேக்கப்.
ஆணி அடிக்கக் கூடாது,
ஆத்தங்குடிக் கல்லில் சக்கரம் உருட்டக் கூடாது
என்றெல்லாம் ஒப்பந்தத்தில் எழுதியவர்கள்
எண்ணெய் ஊற்றக் கூடாதென்று எழுத மறந்திருந்தார்கள்.
அதில்தான் விழுந்துகொண்டிருந்தார் தவசிக்கண்ணு,
காலையிலிருந்து ஒன்பது தடவை.

டீ வந்தபோது ஒப்புதல் படிவத்தை நீட்டினேன்.
எழுத்துக் கூட்டி முழுவதும் படித்தார்.
'பங்கேற்பவருக்கு ஊதியம் கிடையாது'
அந்த வரியில் விரல் நின்றது.
"ஒங்களுக்கு?"
"எனக்கும் வரல. நாலு மாசமா."
"அப்ப நான் தேவல. விழுந்தா முன்னூறு.
ரீடேக் கணக்குல சேராது, அது வேற.
நீங்க விழாமலே விழுந்து கெடக்கீங்களே."

மூக்கில் டீ ஏறச் சிரித்தேன்.
வளவு முழுக்கச் சுற்றி வந்தது அது.
மைக்கை அணைக்காமல்
எங்கோ போயிருந்தார் ஒலிப்பதிவுக்காரர்.

பேட்டியை எழுதிக் கொடுத்தபோது
நெறியாளர் சிவப்பு மையில் கோடிட்டார்:
ஆய்வாளர் சிரிப்பது தரவாகாது. நீக்குக.
நீக்கினேன்.

நேற்றிரவு பகுதி நூற்றுப் பதினேழு.
"அத்தைக்கு ரெண்டு டிக்கெட்டாப் போடுங்க,
ஒரு சீட்டுல அடங்க மாட்டாங்க."
உடல் கேலி, பெண், என்று குறித்துக்கொண்டிருக்கையில்
அந்த டப்பாச் சிரிப்புக் கூட்டத்துக்குள்ளிருந்து
கடைசியில் மூக்கில் விக்கும் ஒன்று
தனியாக எழுந்து வந்தது.
பின்னால் ஓட்டிக் கேட்டேன்.
ஐந்து தடவை கேட்டேன்.
நான்தான்.

நூற்றுப் பத்தொன்பதில் இருமுறை.
நூற்று இருபத்தொன்றில்
என் நிறத்தில் ஒருத்தி வாசலில் வந்து நிற்க
"கரண்டு போயிருச்சா?" என்கிறான் ஒருவன்.
அதற்கும் நான்தான் சிரிக்கிறேன்,
கொஞ்சம் சத்தம் கூட்டி.

என்னிடம் யாரும் படிவம் நீட்டவில்லை.

தவசிக்கண்ணுவுக்குப் போன் போட்டேன்.
ஏதோ மண்டபத்தில் இருந்தார், மேளச் சத்தம்.
"விடாதீங்க, காசு கேளுங்க" என்றார்.
பிறகு அவரே யோசித்து,
"ஒரே சிரிப்புத்தான, ரீடேக்கும்பாங்க."

பட்டியலில் அந்த வரி இன்னும் பாதியில் நிற்கிறது.
யார் சிரிக்கிறார்கள், யாரைப் பார்த்து, வகை என்ன:
கட்டங்கள் காலி.
விநாடியை மட்டும் நிரப்பினேன்.
கீழே கல்லைச் சுரண்டிக் கழுவுகிறார்கள்.