இடது கையுறை

பூந்தா அரேனாசில் காற்று முற்றும் நாட்களில்
தெருமுனைகளில் கயிறு கட்டிவிடுவார்கள்.
பிடித்துக்கொண்டு நடக்கலாம்.
எங்கள் முறையும் ஏறக்குறைய அதுதான்,
கயிறு மட்டும் கண்ணுக்குத் தெரியாது.

பழைய கம்பளிக் கிடங்கின் மாடியில்
என் மேசை, என் பேரேடு.
பெயர் மிரேயா நாவெல்கின். வேலை, கடன் எழுதுவது.
காலம் தாண்டுகிறவர் எவரானாலும்
போகுமுன் இந்த ஊரில் ஒருவரிடம்
ஏதாவது கைமாற்று வாங்கியிருக்க வேண்டும்.
சின்னதாக.
பெரிய கடன் வாங்கியவன் திரும்பி வரமாட்டான்,
அது எல்லாக் காலத்துக்கும் பொது.

இதே நீரிணை, இதே தகரக் கூரைகள், காதறுக்கும் இதே குளிர்
என்று பக்கத்தில் பக்கத்தில் ஓடுகிற காலங்கள்
இதுவரை பதினொன்று எண்ணியிருக்கிறோம்.
எல்லாவற்றிலும் நீ இருக்கலாம்.
உன் நாய்கூட வாலாட்டலாம்.
ஆனால் ஏர்மிந்தா ஓயார்சூனுக்கு மூன்று முட்டை
நீ தரவேண்டியிருப்பது
ஒன்றில் மட்டும்தான்.

ஆகவே வந்திறங்கியதும் தேதி கேட்காதே,
செய்தித்தாள் பார்க்காதே.
நேரே போய்க் கதவைத் தட்டு.
"நான் உங்களுக்கு என்ன தரணும்?"
"ஒன்றுமில்லையே" என்று சிரித்தால்
தொப்பியைத் தொட்டுவிட்டுத் திரும்பு.
முறைத்தால்
அது உன் ஊர்.

தானிக்கா விர்சலோவிச்சின் ரொட்டிக்கடையில்
"இன்று ரொக்கம், நாளை கடன்" என்று பலகை உண்டு.
படித்துவிட்டு நாளைக்கே போய் நின்றான் எங்கள் ஆள் ஒருவன்.
அங்கேயும் அதே பலகை.

அவளே மனமிரங்கிக் கொடுத்தது ரோசமெல் பாரியாவுக்குத்தான்.
அடுப்புக் கையுறை ஒன்று, இடது கை,
கட்டைவிரலில் கருகல்.

மூன்று நாளில் வரவேண்டியவன்
நாற்பது நாளாகியும் வரவில்லை.
ஆறாவது காலத்தில் அவன் தம்பி
அந்தப் படகில் ஏறவில்லை.
எங்களுக்குத் தெரியும். அவனிடம் மறைத்திருந்தோம்.

நாற்பத்தொன்றாம் நாள் காலை
பேரேட்டில் அவன் வரி வெளிறியிருந்தது.
கயிற்றைப் பிடித்தபடி ஓடினேன்.
தானிக்கா மாவு பிசைந்துகொண்டிருந்தாள்.
"பாவம், ஒரு கையுறைதானே.
போனால் போகட்டும் என்று நேற்று ராத்திரி விட்டுவிட்டேன்."

"திரும்ப எடுங்கள்."
"எதை?"
"விட்டதை."

பார்த்தாள். நெற்றியைச் சுருக்கினாள்.
"வரமாட்டேன் என்கிறது மிரேயா,
கோபம் என்ன, கூப்பிட்டால் வருகிற பூனையா?"
அடுப்பிலிருந்து மணி அடித்தது.
பழக்கத்தில் ஆணியைத் தடவினாள். கையுறை இல்லை.
துணியைச் சுற்றித் தட்டை இழுத்தாள்,
துணி நழுவியது, இடது உள்ளங்கை தட்டில் பதிந்தது.

அப்போது வந்தது பாருங்கள்.
அப்பாவின் மொழியில் பாதி, ஊர் மொழியில் பாதி,
திருட்டுப் பயலே, இருக்கிறவனிடம் தின்றுவிட்டு
இல்லாதவளிடம் கைவைத்தவனே, கொண்டா என் கையுறையை!

என் பேரேட்டில் மை
கருத்துக்கொண்டே வந்தது.

மாலையில் கதவு திறந்தது.
தோளில் பனி. தேதி கேட்கவில்லை.
"நான் என்ன தரணும்?"
முறைத்தாள்.
மேசைமேல் வைத்தான்
இரண்டு கையுறை.
இடதும் வலதும்.

யாரும் பேசவில்லை. மாவு பொங்குகிற சத்தம்கூடக் கேட்டது.

தானிக்கா களிம்பு பூசிய கையை இடதுக்குள் நுழைத்தாள்.
கருகிய கட்டைவிரல் சரியாகப் பொருந்தியது.
வலதை அவன் பக்கம் தள்ளினாள்.
"இது என்னுடையதில்லை.
கொடுத்தவள் அங்கே
கை சுட்டுக்கொண்டு நிற்பாள்."

தம்பியைப் பற்றி நாங்கள் கேட்கவில்லை.
கடனா, திரும்பிப் போக ஒரு சாக்கா,
அதையும் கேட்கவில்லை.
வலது கையுறையை மாட்டிக்கொண்டு
தெருவில் கயிற்றைப் பிடித்தான்.
எந்தப் பக்கம் போனான் என்று
காற்றில் தெரியவில்லை.

இடது, வரவு. எழுதிவிட்டேன்.
வரியை
இன்னும் அடிக்கவில்லை.