ஒன்னாம் பிரதி

சித்தூர் முன்சீப் கோர்ட்டில்
நான் வாதி.
என் தம்பி மாரப்பன் ஒன்னாம் பிரதி.
மலையாளத்தில் அப்படித்தான்,
எதிரே நிற்கிறவன் பிரதி.
வண்ணாமடையில் எங்கள் பேச்சில்
பிரதி என்றால் நகல்.
பேர் கூப்பிட்டு அவன் எழுந்தபோது
கோர்ட்டுக்கும் தெரிந்துவிட்டதோ என்றிருந்தது:
அதே மூக்கு,
கை கட்டினால் இடதை மேலே வைக்கும் அதே வழக்கம்,
செத்துப்போன அப்பன் கூண்டுக்குப் பக்கத்தில்.
என்னை எடுத்தபோது கார்பன் தாள் பழசு.

உத்தரவு ஒன்றரைப் பக்கம்.
விற்கக் கூடாது, ஈடு வைக்கக் கூடாது,
தானம் எழுதக் கூடாது, மரம் வெட்டக் கூடாது,
இருக்கிறது இருக்கிறபடி,
மறு உத்தரவு வரும்வரை.
வக்கீல் வாசித்துச் சொன்ன அன்று
கொழிஞ்சாம்பாறையில் இறங்கி
அரைக்கிலோ மைசூர்பாகு வாங்கினேன்.
வீடு வருமுன் தனியாகத் தின்று தீர்த்தேன்.

மூன்று வருடம்.

கிணத்துக்கடவுக்காரரிடம் வாங்கிய எட்டு லட்சம் அட்வான்ஸை
மாரப்பன் எங்கே விட்டான் என்று ஊருக்கே தெரியும்.
தடை வருமுன் போட்ட போர்,
தொள்ளாயிரத்து நாற்பது அடி,
கடைசிவரை வெள்ளைப் புழுதி.
மாதம் ஒருநாள் அவர் காரில் வருகிறார்.
நாற்காலி கேட்டு வாங்கி வாசலில் உட்காருகிறார்.
சத்தம் போடுவதில்லை.
மத்தியானம் என் தம்பி பெண்டாட்டி சோறு போட்டால்
சாப்பிட்டுக் கை கழுவுகிறார்.
என் மாடியிலிருந்து கார் தெரியும்.
முதல் வருடம் எண்ணிக்கொண்டிருந்தேன்.

தடை எனக்கும்தான் என்று
எவரும் முன்னால் சொல்லவில்லை.
பாலக்காட்டில் கடை எடுக்க மகன் பணம் கேட்டபோது
ஈடு வைக்க என்னிடம் இருந்தது
ஒரு வழக்கு நம்பர்.

நூற்றுப் பன்னிரண்டு தென்னை.
கள்ளிறக்கிய மரங்களில்
எக்சைஸ்காரர் அடித்த எண்கள் இன்னும் இருக்கின்றன.
இடி விழுந்த இரண்டு மரம் கொண்டையில்லாமல் நிற்கின்றன.
வெட்ட மனு போட வேண்டும்,
மனுவுக்கு அவன் ஆட்சேபணை போட வேண்டும்,
போய்ப் பார்க்க ஒரு கமிஷனர் வர வேண்டும்,
கமிஷனருக்கு நான் பேட்டா கட்ட வேண்டும்.
கிளிகள் யாரையும் கேட்கவில்லை.
பொந்து குடைந்து
இரண்டு ஈடு குஞ்சு பொரித்துவிட்டன.

வேலந்தாவளத்திலிருந்து ஏழே முக்காலுக்கு ஒரு பஸ்.
அதை விட்டால் கோர்ட் நேரத்துக்குப் போய்ச் சேர முடியாது.
வாய்தா அன்று
வாதி முன்படி, பிரதி பின்படி.
போன வியாழக்கிழமை
அவன் நீட்டிய ஐந்நூறு ரூபாய்த் தாளை
கண்டக்டர் வெயிலில் பிடித்துப் பார்த்துவிட்டு,
சில்லறை இல்லெங்கில் இறங்கிக்கோ என்றான்.
மாரப்பன் மறுபேச்சில்லாமல் எழுந்தான்.
எழுந்துவிட்டான், நிஜமாகவே.
அவன் வராவிட்டால் கேஸ் என் பக்கம் சாயும்.
வக்கீலுக்குச் சந்தோஷம்.
விளிக்கும்போது ஆள் இல்லை, எழுதிக்கொள்ளலாம்.

ரெண்டு சித்தூர், என்றேன்.

யார் குரல் அது என்பதுபோல
எனக்கே திரும்பிப் பார்க்க வேண்டியிருந்தது.
அவன் ஜன்னலுக்கு வெளியே
ஒரு செங்கல் சூளையைப் பார்த்துக்கொண்டிருந்தான்,
சூளை போன பிறகும்.

அன்றைக்கு ஜட்ஜ் லீவு.
ஆடி கழித்து வாய்தா.

வக்கீல் ஆபீசில் செலவுக் கணக்கு பார்த்தார்கள்.
ஆனைமலையிலிருந்து புதிதாக வந்த குமாஸ்தாப் பையன்
என் நோட்டில் விரலை வைத்து நிறுத்தினான்.
பஸ்ஸுக்கு ரெண்டு டிக்கெட் போட்டிருக்கு,
இன்னொண்ணு யாருக்குங்க்கா?
பிரதிக்கு, என்றேன்.
தலையாட்டிக்கொண்டே எழுதினான்:
நகல் எடுத்த வகையில் முப்பத்து மூன்று ரூபாய்.

கூட்டிப் பார்த்தேன்.
கணக்கு சரியாகத்தான் இருந்தது.