பதினொன்றாவது நொடி

செந்தூல், கடைவீட்டு மாடி, இரவு இரண்டு மணி.
லண்டன் காப்பகத்துத் துண்டு:
நொடிக்கு நானூறு வெள்ளி,
கட்டுப்படியானது பதினொரு நொடி.

பினாங்குத் துறைமுகம். கேமரா பார்ப்பதோ
தொப்பி போட்ட துரையை.
ஓரத்தில், மூட்டைக்கடியில் ஒருவர்
கடைசி நொடியில் நிமிர்ந்து
என்னைப் பார்க்கிறார்.

துரையை வெட்டினேன்.
ஓரத்தை இழுத்துப் பெரிதாக்க
முகம் மணல்மணலாய் உதிர்ந்தது.
கொஞ்சம் குறைத்தேன்;
துரையின் தோளும் கூடவே வந்தது.

ஊமைப்படம்.
பக்கத்து அறையில் சியோங்
செருப்பைக் கழற்றிவிட்டு
அரிசி மூட்டையோடு பலகைமேல் நடக்கிறான்,
அவர் காலடிக்காக.

“லென்சைப் பார்க்கிறார்,
பத்தோடு நிறுத்து” என்கிறார் தவனேசன்,
படம் அவருடையது.

பதினொன்றுக்கும்
காசு கட்டியாச்சு சார்,
என்றேன்.