கேட்டையின் நிகர எடை

பீடோர் செம்பனை ஆலையில்
எடைப்பாலத்துக்கு இரவுக் கிராணி நான்.
லோரி ஏறும். எண் அசையாமல் நிற்கும்வரை
மூச்சு விடமாட்டேன்.
மொத்தம். வெறும் வண்டி. கழித்தால் நிகரம்.
ரசீதின் பின்பக்கம் எப்போதும் காலி.
அங்கேதான் வானத்தை எழுதி வைக்கிறேன்.

ஜனவரி 9, எட்டு மணி. மழை விட்டிருந்தது.
மலைப்பக்கம் மூன்று மீன்கள்
ஒன்றின் தலைமேல் ஒன்றாய்.
படத்தில் நிமிர்ந்து நிற்கிற வேட்டைக்காரன்
நம்மூரில் ஒருக்களித்துப் படுத்தபடிதான் எழுகிறான்,
தலைமாட்டில் திருவாதிரையை வைத்துக்கொண்டு.

பகல் வேலைக்காரர்களுக்கு
வானம் மாதத்துக்கு ஒரு பக்கம் புரளும்.
எனக்கு ஏழு மணிக்கு ஒரு பருவம்,
விடிகாலை ஐந்துக்கு வேறொன்று.
அப்படித்தான் பிப்ரவரியிலேயே அகப்பட்டது:
கொதிகலன் புகைபோக்கிக்கு வலப்பக்கம்
ஒரு கொடுக்கு, வளைந்த வால்,
நடுவில் சிவப்பாய் ஒன்று.
தாளோடு மூன்று முறை ஒப்பிட்டேன்.
கேட்டை.
என் நட்சத்திரம்.

இருபத்தொன்பது வருடமாய் அது எனக்கு
மஞ்சள் தடவிய காகிதத்தில் ஒரு சொல்.
கேட்டைக்காரி மூத்த மச்சானுக்கு ஆகாது.
தைப்பிங் மாப்பிள்ளைக்கு அண்ணன் இரண்டு பேர்.
கம்பார்காரருக்கு ஒருவர், அவரும் சிங்கப்பூரில்.
தெலுக் இந்தான்காரருக்கு அண்ணனே கிடையாது;
ஆனாலும் எதற்கு வம்பு என்று
பலகாரத்தை மட்டும் முடித்துவிட்டுப் போனார்கள்.

பழுத்த செம்பனைக் குலையின் நிறம் அதற்கு.
யாருடைய அண்ணனையும் அது பார்க்கவில்லை.
ரசீதில் எழுதினேன்:
மொத்தம், மூன்று சம்பந்தம்.
வெறும் வண்டி, ஒரு புள்ளி வெளிச்சம்.
நிகரம் போடத் தெரியவில்லை.

ஏப்ரலில் காவலர் தேக்பகதூர் துருவனைத் தேடினார்.
நேப்பாளத்தில் அது அவர் வீட்டுக் கூரைக்கு மேல்.
இங்கே நாலே டிகிரி,
ஐந்தாம் பிளாக் மரங்களுக்குப் பின்னால்.
சப்தரிஷிகள் தலைகீழாய்த் தொங்கினார்கள்.
அந்த இருவரிடமிருந்து கோடு இழுங்கள் என்றேன்.
இழுத்தார். விரல் மட்டைக்குள் போய் நின்றது.
"இருக்கிறதுதானே?"
"இருக்கிறது."
அன்றிரவு ஊருக்கு இரண்டு முறை போன் பேசினார்.

மே மாதம் திரிசங்கு என்று நான் காட்டியதை
பாரி என்றார் லோரிக்கார சுல்கர்னாயின்.
திருக்கை மீன். வால் எது என்றும் சொன்னார்.
அதற்குப் பிறகு எனக்கும் அங்கே
திருக்கைதான் நீந்துகிறது.

செப்டம்பர். புகைமூட்டம்.
நிலாவே அவித்த மஞ்சள் கரு.
பதினேழு ரசீதுகள் இருபுறமும் ஆலைக்கே சொந்தம்.

அக்டோபரில் காற்று திரும்பிய அன்று
தரகர் பொன்னுரங்கம் அழைத்தார்.
"கிளாங்கில் ஓர் இடம். ஒரே பையன்.
நட்சத்திரம் என்னம்மா சொன்னீங்க?"
"வெளியே வாங்க ஐயா. தென்மேற்கே,
சிவப்பாய். இறங்க இன்னும் ஒரு மணி நேரம் ஆகும்."
செருப்புச் சத்தம் கேட்டது. கதவு கேட்டது.
"இங்கே தெருவிளக்கு அடிக்குதே" என்றார்.
"கையால மறைச்சுக்கிட்டுப் பாருங்க."

ஹாரன் அடித்தது.
போனைத் தோளில் இடுக்கிக்கொண்டே
எண் நிற்கக் காத்திருந்தேன்.