பதினோரு நிமிடப் போர்

மேலூருக்குக் கிழக்கே
கல்லெடுத்துக் கைவிட்ட குவாரிதான் போர்க்களம்.
ஏழு பகைவர் சேனைக்கும்
இளம்பாண்டியன் சேனைக்கும் சேர்த்து
பன்னிரண்டு பேர் வந்திருந்தோம்.
இன்னும் இருவர் வரவேண்டும், பைக் பஞ்சராம்.

யானை கிடையாது.
மணிக்கு ஆயிரத்து இருநூறு பேசிய ஜேசிபி
கையைத் தூக்கி இறக்க
பாறையில் விழுந்த நிழல்
துதிக்கையாய் அசைந்தது.
நிழலை விட்டு நகராதே, நகராதே என்று
கேமராக்காரனிடம் கத்தினான் துவாரகநாத்.

காலையில் என் தலையில் வேம்பு.
இடப்பக்கம் பார்த்து ஈட்டி எறிந்தேன்.
பிளாஸ்டிக் குழாய், நுனியில் தகரம்.
"யார் மேல?"
"அத மத்தியானம் எடுப்போம்."

மத்தியானம்
வேம்பைப் பிடுங்கிப் பனங்குருத்தைச் செருகினார்கள்.
சேரன் ஆளாகி, வலப்பக்கம் பார்த்து,
நெஞ்சில் வாங்கிச் சரிந்தேன்.
தகர நுனியில் அதே கோணல்.
படம் வந்தால் தெரியும்
என்னைக் கொன்றவன் யாரென்று.

பிறகு சோழன் ஆள்.
ஆத்திப்பூ கிடைக்காமல் ஆவாரம்பூ.
அப்படியும் செத்தேன்.

ரோஸ்மில்க் எசன்ஸ் கலந்த சர்க்கரைப் பாகுதான் ரத்தம்.
முதல் எறும்பு காதுமடலில் ஏறியது.
பிணம் இமைக்கக் கூடாது.
கழுத்து, அக்குள், தொப்புள் என
எந்த நாட்டு ஆள் என்று கேட்காமல்
வந்துகொண்டே இருந்தன.

பக்கத்துப் பிணம் சிக்கந்தர்
உதடு அசையாமல் கேட்டான்:
"டியூ கட்டிட்டியா?"
"இல்ல."
"நானும்தான்."
வென்ற முத்திருளாண்டி எங்களைத் தாண்டி நடந்தான்
கால் சுடுதுடா, கால் சுடுதுடா என்று முனகியபடி.

அவனுக்குப் பின்னால்
பாதியாய் அறுபட்ட மலை.
உச்சியிலிருந்து அடிவரை
நேர்நேராய்த் துளைக்கோடுகள்.
எங்கே கேமரா வைத்தாலும் அவை விழுந்தன.
எந்தக் காலத்து ஆயுதம் இது என்று
பார்க்கிறவர்கள் கேட்டால் என்ன சொல்வது?
யோசித்துக்கொண்டே ஜேசிபிக்காரரிடம்
கணக்குப் பேசப் போன துவாரகநாத்
கட் சொல்ல மறந்துவிட்டான்.
வெயில் இறங்கியது.
நாங்கள் செத்தே கிடந்தோம்.

மாட்டுத்தாவணி பஸ்ஸில் ஏறும்போது
கழுத்துவரை காய்ந்த சிவப்பு.
கண்டக்டர் டிக்கெட் கிழிக்காமல் நின்றார்.
"எங்கப்பா அடிபட்டுச்சு?"
"தலையாலங்கானத்துல."
"அது நம்ம ரூட்ல இல்லையே" என்றவர்
சில்லறையை எண்ணிக் கொடுத்துவிட்டு
முன்னால் போனார்.

சட்டைக்குள் ஒன்று
இன்னும் ஊர்ந்துகொண்டிருந்தது.
ஒத்தக்கடை தாண்டும்வரை
தட்டிவிடவில்லை.